மலையாளப் படங்களில் ஊரும் வாழ்வும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மலையாள சினிமா கேரளத்தை அப்படியே காட்டுகிறது என்கிறார்களே, உண்மையா?

பாதி உண்மை. மொத்தக் கேரளத்தையும் ஒரே படத்தில் காட்டப் புறப்பட்டவை பெரும்பாலும் சுற்றுலா விளம்பரமாகத்தான் முடிந்திருக்கின்றன. படகு வீடு, தென்னை, நெற்றிப்பட்டம் கட்டிய யானை, அவ்வளவுதான். நல்ல மலையாளப் படம் மாநிலத்தை விட்டுவிட்டு ஒரு தாலுகாவைப் பிடித்துக்கொள்ளும். 'மகேஷிண்டே பிரதிகாரம்' (2016) இடுக்கியில் பிரகாஷ் என்ற சிறு ஊர்க்கடைவீதிக்குள் நடக்கிறது. 'கும்பளங்கி நைட்ஸ்' (2019) கொச்சியை ஒட்டிய தீவுக் கிராமம். 'திங்களாழ்ச்ச நிச்சயம்' (2021) காசர்கோடு மாவட்டத்துக் காஞ்ஞங்காடு. இந்த மூன்று ஊர்க்காரர்களையும் ஒரே பெஞ்சில் உட்காரவைத்தால் பேச்சும் சாப்பாடும் சாமி கும்பிடும் முறையும் மூன்று விதமாக இருக்கும். அதனால் 'கேரளக் கலாசாரம்' என்று தேடிக்கொண்டு பார்த்தால் அகப்படாது. ஊர் ஊராகப் பார்க்க வேண்டும்.

மலையாளம் தெரியாது. படம் எந்த ஊரில் நடக்கிறது என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

முதல் பத்து நிமிடத்தில் கண்ணை ஓட்ட வேண்டிய இடங்கள் சில உண்டு.

வண்டி எண்ணிலிருந்து தொடங்கலாம். கே.எல். 01 திருவனந்தபுரம், 02 கொல்லம், 05 கோட்டயம், 06 இடுக்கி, 07 எறணாகுளம், 08 திருச்சூர், 10 மலப்புறம், 11 கோழிக்கோடு, 14 காசர்கோடு. பிற்பாடு வந்த எண்கள் இன்னும் நுணுக்கமாக ஊரைச் சொல்லும்: அங்கமாலிக்கு 63, காஞ்ஞங்காட்டுக்கு 60. இதில் ஏமாறவும் வாய்ப்புண்டு. வாடகைக்கு எடுத்த கார் எறணாகுளத்து எண்ணோடு எந்த ஊர்க் கதையிலும் நுழைந்துவிடும். கதாநாயகனின் காரை நம்புவதைவிட, பின்னால் போகிற ஆட்டோவையும் பேருந்தின் ஊர்ப் பலகையையும் நம்பலாம்.

அடுத்தது வீட்டுச் சுவர். திரு இருதயப் படமும் அதன்முன் சின்ன சிவப்பு விளக்கும் இருந்தால் கிறிஸ்தவ வீடு. மெக்காவின் படமும் வளைகுடாவிலிருந்து வந்த கடிகாரமும் மலபார் என்னும் வட கேரளத்து முஸ்லிம் வீட்டைச் சொல்லும். கொடியில் மஞ்சள் நிற ரப்பர் ஷீட் காய்ந்தால் மலையோரம். மரத்தைச் சுற்றிப் பிளாஸ்டிக் பாவாடை கட்டியிருந்தால் மழைக்காலத்திலும் பால் வெட்டு நடக்கிறது என்று பொருள். பூசாத செங்கல்நிற வெட்டுக்கல் சுவர் வடக்கே அதிகம் கண்ணில் படும்.

பிறகு முண்டு (வேட்டி). மலபாரில் முஸ்லிம் ஆண்கள் முண்டை இடப்பக்கம் செருகுவது வழக்கம், மற்றவர்கள் வலப்பக்கம். சிரியன் கிறிஸ்தவப் பாட்டிகள் வெள்ளைச் சட்டையும், பின்னால் விசிறி மடிப்பு வைத்த முண்டும் உடுத்துவார்கள். மாப்பிளை என்று சொல்லப்படும் மலபார் முஸ்லிம் வீட்டுப் பாட்டிகளுக்குக் காச்சிமுண்டு, குப்பாயம் என்னும் சட்டை, தலையில் தட்டம் என்னும் துணி. மடித்துக் கட்டிய முண்டைப் பெரியவர் முன்னால் அவிழ்த்துவிடுவது மரியாதை. வேண்டுமென்றே அவிழ்க்காமல் நிற்பது சண்டைக்கு அழைப்பு. பல படங்களில் வசனமே இல்லாமல் இரண்டு பேருக்கு நடுவே யார் மேல், யார் கீழ் என்பது இந்த ஒரு அசைவில் தீர்ந்துவிடும். சப்டைட்டிலில் அது வராது.

பேச்சு வழக்கு எப்படி மாறுகிறது? தமிழ்க் காதுக்கு ஏதாவது பிடிபடுமா?

பிடிபடும். கோட்டயம், இடுக்கிப் பக்கம் 'எந்தா' என்பதற்கு 'என்னா' என்பார்கள். அந்த ஊர்ப் படங்களில் பாதி வசனம் தமிழருக்குத் தானாகவே புரிவதற்கு இதுவும் ஒரு காரணம். திருச்சூரில் அதே சொல் 'எந்தூட்டு' ஆகும், பேச்சில் ஒரு ராகம் ஏறும். தெற்கே திருவனந்தபுரத்தில் 'எந்தரு'. கோழிக்கோடு, மலப்புறம் பக்கம் அவன், அவள் எல்லாம் 'ஓன்', 'ஓள்', மரியாதைக்கு 'இங்ஙள்'. இன்னும் வடக்கே போனால் 'வ' பல இடங்களில் 'ப' ஆகிவிடும்: வெள்ளம் என்பது பெள்ளம், வேண்டா என்பது பேண்ட.

உறவுச் சொற்களையும் கவனியுங்கள். அண்ணனைத் தெற்கிலும் நடுவிலும் சேட்டன் என்பார்கள், மலபாரில் ஏட்டன். கோட்டயம் கிறிஸ்தவ வீட்டில் சேட்டாயி, மரியாதைக்குரிய ஆண் அச்சாயன். முஸ்லிம்களிடையே இக்கா. தகப்பன் வடக்கே உப்பா, தெற்கே வாப்பா. ஒருவரை எப்படிக் கூப்பிட்டார் என்பதிலேயே மதமும் மாவட்டமும் தெரிந்துவிடும். இதெல்லாம் சப்டைட்டிலில் 'பிரதர்' என்று ஒரே சொல்லாகத் தட்டையாகிவிடுகிறது.

வெகுகாலம் வட்டார வழக்கு சிரிப்புக்கு மட்டும் பயன்பட்டது. நாயகன் பாலக்காட்டுப் பக்கத்து வள்ளுவநாட்டுப் பேச்சை ஒட்டிய அச்சு மலையாளம் பேசுவான். திருவனந்தபுரத்துப் பேச்சு வேலைக்காரனுக்கும் கோமாளிக்கும். நாயகனே அந்தப் பேச்சைப் பேசிய 'ராஜமாணிக்யம்' (2005), திருச்சூர்ப் பேச்சைப் பேசிய 'பிராஞ்சியேட்டன் அண்ட் த செயின்ட்' (2010) இரண்டிலும் மம்மூட்டிதான். ஆனாலும் முதல் படத்தில் அது சிரிப்புக்காகவே வந்தது. வழக்கைச் சாதாரணமாக, யாரையும் சிரிக்கவைக்க முயலாமல் பேசவிட்டது அதற்குப் பிந்தைய பத்தாண்டின் படங்கள்தான்.

சாப்பாடு ஏன் இவ்வளவு வருகிறது?

சாதி, மதம், வருமானம் மூன்றையும் சொல்லாமல் சொல்ல அதைவிடச் சுலபமான வழி இல்லை. 'அங்கமாலி டைரீஸ்' (2017) பன்றிக்கறி வியாபாரத்தைச் சுற்றியே ஓடுகிறது. அங்கமாலிக் கிறிஸ்தவக் கல்யாணப் பந்தியில் தேங்காய்ப்பால் விட்ட மாங்காய்க் கறி இல்லாமல் முடியாது. இடுக்கி மலையோரத்தில் மரவள்ளிக் கிழங்கையும் மாட்டு எலும்பையும் சேர்த்து வேகவைத்த 'எல்லும் கப்பையும்'. கோழிக்கோட்டில் கைமா அரிசி பிரியாணி, பால் சேர்க்காத சுலைமானி டீ. 'உஸ்தாத் ஹோட்டல்' (2012) இந்தச் சுலைமானியில் தொடங்கி மதுரை வரைக்கும் வரும். தெருவில் கிடப்பவர்களுக்குச் சாப்பாடு கொடுக்கும் மதுரைக்காரர் ஒருவரின் நிஜ வாழ்க்கை அந்தக் கதைக்கு உந்துதல்.

கள்ளுக்கடையைக் குடிக்கிற இடமாக மட்டும் எடுத்துக்கொள்ளாதீர்கள். அங்கே மேசை மேசையாக ஊர்ப் பஞ்சாயத்து நடக்கும். டீக்கடை, முடிதிருத்தும் கடை, வாசகசாலை மூன்றுக்கும் அதே வேலைதான். ஊர்ச் செய்தி முதலில் யாருக்கு எட்டியது, யாருக்குக் கடைசியாக எட்டியது என்பதை இயக்குநர் இந்த நான்கு இடங்களை வைத்தே காட்டிவிடுவார்.

சாவு வீட்டுக் காட்சிகள் ஏன் இத்தனை நீளம்?

ஒரு ஊரின் உறவுமுறை, கடன், பகை, மதச்சடங்கு எல்லாம் ஒரே நாளில் வெளியே வருவது சாவு வீட்டில்தான். இதற்கு 'ஈ.ம.யௌ' (2018) பார்க்க வேண்டும். கதை செல்லானம் கடற்கரையின் லத்தீன் கத்தோலிக்கர்களைப் பற்றியது. ஈசோ, மறியம், யௌசேப்பு என்று சாகிறவர் காதில் ஓதும் வார்த்தைகளின் சுருக்கமே தலைப்பு. வாவச்சன் மேஸ்திரி தன் தகப்பனுக்கு நடந்த பெரிய அடக்கத்தை நினைத்துப் பேசுகிறார். மகன் ஈசி, உமக்கு அதைவிடப் பெரிதாகச் செய்கிறேன் என்று வாக்குக் கொடுக்கிறான். அன்றிரவே கிழவர் விழுந்து இறந்துபோகிறார். அதன்பிறகு படம் முழுவதும் ஏற்பாடுதான்: சவப்பெட்டி எத்தனை விலையில், பேண்ட் வாத்தியம் உண்டா, குழி யார் வெட்டுவது, கேட்டதற்குக் கடன் கிடைக்குமா, பங்குச் சாமியார் என்ன சொல்வார். பெண்டாட்டி பெண்ணம்மாவின் ஒப்பாரியைக் கேளுங்கள். உள்ளே வருகிற ஒவ்வொருவரையும் பற்றிய குறிப்பும் குத்தலும் அந்த அழுகைக்குள்ளேயே வந்துவிடும். நம் ஊர் ஒப்பாரி கேட்டவர்களுக்கு இது புதிதாக இருக்காது. ஓடியாடி வேலை பார்க்கிறவன் வார்டு மெம்பர் அய்யப்பன், வேறு மதத்துக்காரன். அதைப் படம் ஒரு சேதியாக அறிவிப்பதே இல்லை. அந்தக் கரையில் அது வழக்கம்.

'உள்ளொழுக்கு' (2024) இன்னொரு நிலம். குட்டநாடு கடல்மட்டத்துக்குக் கீழே கிடக்கும் பூமி. வெள்ளம் கல்லறைத் தோட்டத்தை மூடிவிட, இறந்த மகனின் உடலை அடக்கம் செய்ய முடியாமல் வீடு காத்திருக்கிறது. தண்ணீர் வடிய எடுக்கும் நாட்களில் மாமியாருக்கும் மருமகளுக்கும் இடையே மறைத்து வைத்ததெல்லாம் மேலே வருகிறது. ஊர்வசியும் பார்வதியும் நடித்த இந்தக் கதையை வேறு தாலுகாவுக்கு மாற்றினால் முதல் காட்சியிலேயே விழுந்துவிடும். நிலம் கதையைத் தாங்குகிறதா, வெறும் பின்னணியா என்று சோதிக்க இதுவே நல்ல வழி: இடத்தை மாற்றிப் பாருங்கள், கதை நிற்கிறதா என்று.

'தொண்டிமுதலும் திருக்ஸாக்ஷியும்' (2017) அந்தச் சோதனையில் தேறும். சாதி மாறிக் கல்யாணம் செய்துகொண்ட ஜோடி, தண்ணீர் நிறைந்த வேம்பநாட்டுக் காயல் பக்கத்திலிருந்து வறண்ட காசர்கோட்டுக்குப் பிழைக்க வருகிறது. பேருந்தில் மனைவியின் தாலிச் சங்கிலியைத் திருடன் விழுங்கிவிடுகிறான். அப்புறம் காவல் நிலையமே அவன் வயிறு இளகுவதற்காகக் காத்திருக்கிறது.

வீட்டு வேலையும் பெண்களும்?

2021 ஜனவரியில் நீஸ்ட்ரீம் என்ற சிறிய தளத்தில் வந்த 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' அளவுக்கு ஒரு சமையலறையை யாரும் காட்டியதில்லை. கணவனுக்கும் மனைவிக்கும் பெயரே கிடையாது. மாமனாருக்குச் சட்னி அம்மியில் அரைக்க வேண்டும், மிக்ஸி கூடாது. சோறு விறகடுப்பில், குக்கரில் கூடாது. துணி கையால் துவைக்க வேண்டும், இயந்திரம் ஆகாது. அவர் எதையும் கத்திச் சொல்வதில்லை, தன்மையாகவே சொல்கிறார். ஒவ்வொரு தன்மைக்கும் ஒரு மணி நேர வேலை கூடுகிறது. மென்று துப்பிய முருங்கைக்காய்ச் சக்கை சாப்பாட்டு மேசையிலேயே கிடக்கும். தொட்டிக் குழாய் ஒழுகும். ஆளைக் கூப்பிடச் சொல்லிப் பலமுறை கேட்டும் கணவனுக்கு நினைவு இருக்காது. கீழே வைத்த சாக்கும் வாளியும் ஊறி நாறும்.

இயக்குநர் ஜியோ பேபி இந்த வேலைகளைத் திரும்பத் திரும்பக் காட்டுகிறார், பின்னணி இசையை ஏறக்குறைய விட்டுவிட்டு. நறுக்குகிற, வதக்குகிற, துடைக்கிற சத்தம் மட்டும். அலுப்பாக இருக்கிறது என்று பாதியில் எழுந்தவர்கள் உண்டு. அந்த அலுப்புதான் படம். பிறகு மாதவிலக்கு ஒதுக்கலும் சபரிமலை விரதமும் வரும்போது, அதுவரை 'நல்ல குடும்பம்' என்று தோன்றியது எதன்மேல் நிற்கிறது என்பது தெரிந்துவிடுகிறது.

வளைகுடா ஏன் எல்லாப் படத்திலும் தலைகாட்டுகிறது?

நேரடியாக அதைப் பற்றி இல்லாத படத்தில்கூட இருக்கும். 'மகேஷிண்டே பிரதிகார'த்தில் நாயகன் தன்னை அடித்தவனைத் திருப்பி அடிக்கும்வரை செருப்புப் போடுவதில்லை என்று சபதம் செய்கிறான். தேடிப் போனால் எதிரி துபாய்க்கு வேலைக்குப் போய்விட்டான். பழிவாங்கலே விசாவுக்காகக் காத்திருக்கிறது! 'திங்களாழ்ச்ச நிச்சய'த்தில் வீட்டுக்காரரின் பட்டப்பெயரே குவைத் விஜயன்.

நேரடியாகப் பார்க்க வேண்டுமென்றால் மூன்று கட்டமாகப் பிரித்துக்கொள்ளலாம். முதலில் போவது: 'பத்தேமாரி' (2015) 1960-களில் மரக்கலத்தில் ஏறி, கோர்ஃபக்கான் கரையருகே கடலில் குதித்து நீந்திப் போனவர்களைக் காட்டுகிறது. பிறகு அங்கே மாட்டிக்கொள்வது: பென்யாமினின் நாவலிலிருந்து பிளெஸ்ஸி எடுத்த 'ஆடுஜீவிதம்' (2024). கடைசியில் திரும்பி வருவது: 'வரவேல்பு' (1989). அதில் மோகன்லால் சேமித்த பணத்தில் 'கல்ஃப் மோட்டார்ஸ்' என்று ஒரு பேருந்து வாங்கி, உறவினரிடமும் தொழிற்சங்கத்திடமும் அல்லாடுகிறார். மூன்றில் அதுதான் இன்றைக்கும் பழசாகவில்லை. தொழிற்சங்கத்தை மட்டும் வில்லனாக்கிவிட்டது என்ற குற்றச்சாட்டும் அதன்மேல் உண்டு, அதில் நியாயமும் உண்டு.

அரசியல்?

கேரளத்தில் கட்சி வீட்டுக்குள் இருக்கிறது, ஆகவே படத்திலும் வீட்டுக்குள் இருக்கிறது. 'சந்தேசம்' (1991) ஒரே வீட்டில் எதிரெதிர்க் கட்சிகளில் இருக்கும் இரண்டு சகோதரர்களை வைத்து எழுதப்பட்டது. சாப்பாட்டு வேளையில் நடக்கும் போலந்து பற்றிய சண்டை இன்றுவரை மீம் ஆகிறது. 'ந்நா தான் கேஸ் கொடு' (2022) சாலைக் குழிக்காக அமைச்சர் மேல் வழக்குப் போடும் திருடனின் கதை. வருடங்கள் நகர்வதைப் பெட்ரோல் விலையை வைத்துக் காட்டுகிறது. 'காதல் தி கோர்' (2023) தீக்கோயி பஞ்சாயத்தின் வார்டு இடைத்தேர்தலுக்குள் ஒரு விவாகரத்து மனுவை வைக்கிறது. வார்டுத் தேர்தலில் தெருவே வேட்பாளரின் குடும்பத்தைத் தெரிந்துவைத்திருக்கும். தன்பாலீர்ப்பாளரான ஒருவர் இருபது வருடக் குடும்ப வாழ்க்கையில் எதை மறைத்தார் என்ற கேள்விக்கு அதைவிடக் கடுமையான மேடை கிடையாது.

இந்த நுணுக்கத்தை எப்படிக் கொண்டுவருகிறார்கள்?

பணத்தால் இல்லை. முதல் காரணம் எழுதுகிறவர் எங்கிருந்து வருகிறார் என்பது. 'அங்கமாலி டைரீஸ்' எழுதிய செம்பன் வினோத் ஜோஸ் அந்த ஊர்க்காரர். நடிகர்களில் 86 பேர் புதுமுகங்கள். கடைசியில் ஊர்ப் பெருநாள் கூட்டத்துக்குள் சுமார் 11 நிமிடம் வெட்டே இல்லாமல் ஓடும் ஒரே காட்சி. தெரிந்த முகங்களை நடுவே விட்டிருந்தால் கூட்டம் கூட்டமாகத் தெரிந்திருக்காது.

இரண்டாவது, உள்ளூரில் ஆள் எடுப்பது. 'ந்நா தான் கேஸ் கொடு' நீதிபதியாக வரும் பி.பி. குஞ்ஞிகிருஷ்ணன் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர், பஞ்சாயத்து உறுப்பினராகவும் இருந்தவர். அந்த வேடத்துக்கு மாநில விருது வாங்கினார். 'தொண்டிமுதல்' காவலர்களில் பலர் நிஜக் காவல்துறைக்காரர்கள். அணிக்கு ஏழு பேர் ஆடும் மலப்புறத்து செவன்ஸ் கால்பந்தைப் பற்றிய 'சுடானி ஃப்ரம் நைஜீரியா' (2018) படத்தில் இரண்டு வயதான அம்மாக்களாக வரும் சாவித்ரி ஸ்ரீதரனும் சரசா பாலுசேரியும் கோழிக்கோட்டு நாடக மேடையில் பல காலம் இருந்தவர்கள். உடைந்த காலோடு படுத்திருக்கும் ஆப்பிரிக்க ஆட்டக்காரனிடம் மலையாளத்திலேயே பேசிக்கொண்டு சோறு ஊட்டுகிறார்கள். பயிற்சி கொடுத்து அந்தத் தொனியை வரவழைக்க முடியாது.

மூன்றாவது குரல். அதிகம் பேசப்படாதது இதுதான். முன்பு எல்லாமே டப்பிங். பாக்யலட்சுமி போன்ற ஒரு சில அருமையான குரல் கலைஞர்கள் ஏராளமான நாயகிகளுக்குப் பேசினார்கள். விளைவு, கோட்டயத்துப் பெண்ணும் கண்ணூர்ப் பெண்ணும் ஒரே குரலில், ஒரே அச்சு மொழியில் பேசினார்கள். படப்பிடிப்பு இடத்திலேயே ஒலியைப் பதிவு செய்யும் பழக்கம் பரவியபிறகுதான் பெண் பாத்திரங்களுக்கு ஊர் கிடைத்தது.

தவறுவதும் இங்கேதான். வேற்றூர் நட்சத்திரத்துக்கு ஒரு வாரம் வழக்கு சொல்லிக்கொடுத்தால் அவர் ஒவ்வொரு வாக்கியத்திலும் ஒரு வட்டாரச் சொல்லைத் திணிப்பார். உண்மையில் அந்த ஊர்க்காரர் பத்து வாக்கியத்துக்கு ஒன்றில்தான் சொல்வார். மீதியெல்லாம் இழுப்பிலும் நிறுத்தத்திலும் இருக்கும்.

எப்போதுமே இப்படித்தானா?

இல்லை. முதல் பேசும் படமான 'பாலன்' (1938) சேலம் மாடர்ன் தியேட்டர்ஸில் உருவானது. பிறகும் வெகுகாலம் கோடம்பாக்கத்து அரங்குகளில்தான் கேரளத்து வீடுகள் கட்டப்பட்டன. பி. பாஸ்கரனும் ராமு காரியாட்டும் இயக்கிய 'நீலக்குயில்' (1954) தீண்டாமையையும் மாப்பிளைப் பாட்டின் மெட்டையும் உள்ளே கொண்டுவந்தது. தகழியின் நாவலிலிருந்து வந்த 'செம்மீன்' (1965) ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் வாங்கியது. கேரளக் கடற்கரை என்றால் வெளியூர்க்காரர்களுக்கு இன்றைக்கும் அந்தக் கடலம்மைதான். அதோடு 'ஈ.ம.யௌ' படத்தையும் பார்த்தால் கடல் ஒன்றானாலும் கரை பல என்பது விளங்கும்.

1973-ல் எம்.டி. வாசுதேவன் நாயரின் 'நிர்மால்யம்' வெளிச்சப்பாடு எனப்படும் கோயில் சாமியாடியின் பட்டினியைக் காட்டியது. 1981-ல் அடூர் கோபாலகிருஷ்ணனின் 'எலிப்பத்தாயம்', நிலச் சீர்திருத்தத்துக்கும் தாய்வழிக் கூட்டுக்குடும்பம் சட்டப்படி ஒழிந்ததற்கும் பிறகு தறவாடு எனப்படும் குடும்பப் பெருவீட்டில் அசையாமல் உட்கார்ந்துவிட்ட ஒருவனைக் காட்டியது. விசித்திரம் என்னவென்றால், அதே தறவாடு 1990-களில் கம்பீரமாகத் திரும்பி வந்தது. ஒற்றப்பாலம் பக்கத்து வரிக்காசேரி மனையில் 'தேவாசுரம்' (1993), 'ஆறாம் தம்புரான்' (1997) என்று வரிசையாகத் தம்புரான்கள், அதாவது பழைய நிலப்பிரபுக்கள், மீசை முறுக்கினார்கள். அந்தப் பத்தாண்டைக் கேரள வாழ்க்கை என்று எடுத்துக்கொண்டால் ஏமாந்துபோவோம்.

யார் இதில் இல்லை?

தொடக்கமே அங்கேதான். முதல் மலையாள மௌனப் படத்தை எடுத்த ஜே.சி. டேனியல், இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்துக்காரர். அதில் நாயர் பெண்ணாக நடித்த பி.கே. ரோசி தலித் என்பதால் கல்லெறிந்து விரட்டப்பட்டார். தமிழ்நாட்டுப் பக்கம் வந்து சினிமாவே இல்லாமல் வாழ்ந்து முடித்தார். 'கம்மட்டிப்பாடம்' (2016) எறணாகுளம் நகரம் யாருடைய நிலத்தின்மேல் எழுந்தது என்று கேட்டது. அப்படிக் கேட்ட பெரிய படங்கள் விரல்விட்டு எண்ணும் அளவே. பழங்குடிகள் பெரும்பாலும் பாட்டாகவும் காடாகவும் மட்டும் வருகிறார்கள். 'அய்யப்பனும் கோஷியும்' (2020) மதுவிலக்கு உள்ள அட்டப்பாடியில் மது பாட்டிலோடு பிடிபட்டவனின் கதை. அதில் இருளர் மொழியில் பாடிய நஞ்சியம்மா தேசிய விருது பெற்றார். தமிழுக்கு மிக நெருங்கிய மொழி, கேட்டால் சொற்கள் பிடிபடும்.

திரைக்குப் பின்னால் பெண்கள் நிலை பற்றிய நீதிபதி ஹேமா குழு 2017-ல் அமைக்கப்பட்டு, 2019 கடைசியில் அறிக்கை கொடுத்தது. அது வெளியே வந்தது 2024 ஆகஸ்டில். திரையில் இவ்வளவு நுட்பமாக வீட்டு வேலையைப் பார்த்த துறை, தன் வீட்டைப் பார்க்க எடுத்துக்கொண்ட காலம் அது.

தமிழர்களை எப்படிக் காட்டுகிறார்கள்?

பழைய நகைச்சுவைப் படங்களில் மோசமாக. 'பாண்டி' என்ற வசவும், அழுக்கு, திருட்டு என்ற முத்திரையும் சர்வசாதாரணம். இன்னொரு பக்கம் 'மணிச்சித்ரத்தாழ்' (1993) காட்டிய தஞ்சாவூர் நாட்டியக்காரி நாகவல்லி: அழகு, பழமை, ஆபத்து எல்லாம் சேர்ந்த தமிழ். 'நாடோடிக்காற்று' (1987) துபாய் என்று நம்பி மரக்கலம் ஏறிய இருவரைச் சென்னைக் கடற்கரையில் இறக்கிவிட்டது.

'நண்பகல் நேரத்து மயக்கம்' இவை எதிலும் அடங்காது. வேளாங்கண்ணி போய்த் திரும்பும் மலையாளிக் கூட்டத்தில் ஒருவர், வழியில் ஒரு தமிழ்க் கிராமத்தில் இறங்கி, காணாமல்போன சுந்தரமாகவே நடந்துபோகிறார். வீட்டுக்கு வீடு பழைய தமிழ்ப் பாட்டும் பட வசனமும் ஓடிக்கொண்டே இருக்கும். தமிழ்க் கிராமத்து மதியத்தை இப்படி எடுத்த தமிழ்ப் படங்களே குறைவு.

தமிழில் மறுபடி எடுத்தால் ஏன் சப்பென்று ஆகிறது?

கதையை மட்டும் எடுத்துக்கொண்டு ஊரை விட்டுவிடுவதால். 'மகேஷிண்டே பிரதிகார'த்தின் கதை ஒரு வரி, மீதியெல்லாம் இடுக்கி. 'நிமிர்' (2018) அந்த ஒரு வரியைத்தான் கொண்டுவந்தது. 'த்ரிஷ்யம்' (2013) தப்பித்ததற்குக் காரணம், 'பாபநாசம்' (2015) அதை நெல்லைக்குக் குடிவைத்து, ஜெயமோகனின் வசனத்தில் சுயம்புலிங்கத்தை அந்த ஊர்ப் பேச்சுப் பேசவைத்தது.

எதிலிருந்து தொடங்கலாம்?

'மகேஷிண்டே பிரதிகாரம்'. பேச்சு எளிது, வேகம் நிதானம். அடுத்து 'சுடானி', பிறகு 'கும்பளங்கி நைட்ஸ்'. 'ஈ.ம.யௌ', 'கிச்சன்' இரண்டையும் இதற்குப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள். தமிழ் டப்பிங் வேண்டாம். டப்பிங்கில் முதலில் போவது ஊர்தான். தமிழ் சப்டைட்டில் இல்லாவிட்டால் ஆங்கில சப்டைட்டிலோடு பாருங்கள், ஆனால் எழுத்தை முழுக்க நம்பாமல் காதையும் திறந்து வையுங்கள். இரண்டாவது படத்திலேயே பாதி வசனம் எழுத்தைப் பார்க்காமல் புரியத் தொடங்கும்.

கும்பளங்கிக்குப் போனால், 'கும்பளங்கி நைட்ஸ்' படத்தில் இரவுத் தண்ணீரில் ஒளிரும் அந்த நீல வெளிச்சத்தைப் பார்க்கலாமா?

பார்க்கலாம், ஆனால் எப்போதும் இல்லை. 'கவர்' என்று ஊரில் சொல்லும் அந்த ஒளி, தண்ணீரில் உப்பு கூடும் கோடை மாதங்களில், மழைக்கு முன்னால்தான் நன்றாகத் தெரியும். மழை இறங்கி உப்பு குறைந்ததும் மங்கிவிடும். நிலா இல்லாத இரவாகப் பார்த்துப் போங்கள். கைபேசி வெளிச்சத்தை அணைத்துவிட்டுத் தண்ணீரைக் கையால் அளைய வேண்டும். அசைவு இருந்தால்தான் ஒளிரும். படத்தில் வருகிற அளவு பிரகாசத்தை எதிர்பார்த்துப் போகாதீர்கள். அந்த இரவுகளில் அங்கே வலை போட்டிருப்பவர்களுக்கு அது வேலை நேரம் என்பதால், கரையில் கூட்டமாக நின்று வெளிச்சம் அடிக்காமல் இருப்பது நல்லது.